காலிக்குட வழக்கு: ஒரு ஜூனியர் வக்கீலின் நாட்குறிப்பு

20 ஜனவரி 2025, மதுரை

தண்ணீர் கேட்டுக் காலிக்குடங்களோடு சாலை மறியல் செய்த ஒரு கிராமத்திலிருந்து ஓர் அம்மாவும், அந்த வழக்கில் சிக்கிய மகனும், அதை ரத்து செய்யக் கேட்டு சீனியரைப் பார்க்க வந்தார்கள். மறியல் நடந்தது 2022 மே மாதம். எஃப்.ஐ.ஆரில் சில பெயர்கள், அப்புறம் வழக்கம்போல 'மற்றும் பலர்'. இந்திய தண்டனைச் சட்டம் 143 (சட்டவிரோதக் கூட்டம்), 341 (வழி மறித்தல்), 188 (அரசு அதிகாரியின் உத்தரவை மீறுதல்).

மகனுக்கு வளைகுடாவில் வெல்டர் வேலை தயார். பாஸ்போர்ட்தான் இல்லை. குற்ற வழக்கு நிலுவையில் இருந்தால் பாஸ்போர்ட் மறுக்க பாஸ்போர்ட் சட்டத்தின் 6(2)(எஃப்) பிரிவு இடம் தருகிறது. கீழ்க்கோர்ட்டில் வாய்தா மேல் வாய்தா. ஒரு சாட்சிகூட இன்னும் கூண்டேறவில்லை.

"அன்னைக்கு இவன் ஊர்லயே இல்ல தாயி. திருப்பூர் கம்பெனியில கையெழுத்துப் போட்டிருக்கான்" என்றார் அந்த அம்மா. அந்தக் கையெழுத்தை இப்போது காட்ட முடியாது என்று அவருக்குப் புரியவைக்க எனக்கு வெகுநேரம் ஆனது. குற்றம் சாட்டப்பட்டவர் தரப்பு ஆவணங்கள் விசாரணையில்தான் வர வேண்டும் என்பது 2004இல் தேபேந்திரநாத் பாதி வழக்கில் உச்ச நீதிமன்றம் உறுதி செய்த விதி. விசாரணைக்கு முன்பே ரத்து கேட்கும் இந்தக் கட்டத்தில் போலீஸ் தாக்கல் செய்த காகிதங்களே பேச வேண்டும்.

22 ஜனவரி

அந்தக் காகிதங்களை இன்று வரிவரியாகப் படித்தேன். 161ஆம் பிரிவின்படி போலீஸ் பதிவு செய்யும் சாட்சி வாக்குமூலம் தந்த எல்லோருமே காவலர்கள். முதல் வாக்குமூலத்தில் இருந்த எழுத்துப்பிழை கடைசி வரை அப்படியே வருகிறது. யார் எங்கே உட்கார்ந்தார், யார் எதை மறித்தார் என்று ஒரு வரி இல்லை. 341க்கு, வழி மறிக்கப்பட்ட ஒரு மனிதர் வேண்டும். ஒரு பஸ் டிரைவரிடமோ, பயணியிடமோ, பைக் ஓட்டியவரிடமோ போலீஸ் கேட்கவே இல்லை. 188க்குச் சம்பந்தப்பட்ட அதிகாரியே நீதிமன்றத்தில் எழுத்துப்பூர்வமாகப் புகார் தர வேண்டும் என்கிறது குற்றவியல் நடைமுறைச் சட்டம் 195. அப்படி ஒரு புகாரும் இல்லை. 143க்கு அதிகபட்சம் ஆறு மாதச் சிறை என்பதால் ஓராண்டுக்குள் குற்றப்பத்திரிகை வந்திருக்க வேண்டும். வந்தது 2023 அக்டோபரில்.

படிக்கப் படிக்கக் கோபம்தான் வந்தது. இதை வைத்துக்கொண்டு ஓர் இளைஞனின் பிழைப்பை முடக்கி வைத்திருக்கிறார்கள்.

12 பிப்ரவரி

உயர் நீதிமன்றத்தில் ரத்து மனுவுக்கு எண் கிடைத்துவிட்டது. குற்றவியல் நடைமுறைச் சட்டம் 482 என்று எழுதிப் பழகிய கை. 2024 ஜூலை 1 முதல் அது, அந்தச் சட்டத்துக்குப் பதிலாக வந்த பி.என்.எஸ்.எஸ். சட்டத்தின் 528. ஆதாரமாக, எப்போது வழக்கை ரத்து செய்யலாம் என்று உச்ச நீதிமன்றம் பட்டியலிட்ட பஜன்லால் தீர்ப்பு, அப்புறம் எங்கள் மதுரைக் கிளையே 188 பற்றி 2018இல் சொன்ன ஜீவானந்தம் தீர்ப்பு.

நீஹாரிகா வழக்கில் 2021இல் உச்ச நீதிமன்றம் எச்சரித்ததையும் சீனியர் படிக்கச் சொன்னார்: புலன்விசாரணையை முளையிலேயே கிள்ளக்கூடாது, ரத்து என்பது விதிவிலக்கு. அதை நான் முழுமனதோடு ஏற்கிறேன். அடிபட்ட பெண்ணின் புகாரும் சாதிக்கொடுமைப் புகாரும் அவசரத்தில் தூக்கியெறியப்பட்டால் அவர்கள் வேறு எங்கே போவார்கள்? ஆனால் இங்கே புலன்விசாரணை முடிந்து குற்றப்பத்திரிகையும் வந்துவிட்டது. அதிலுள்ளதை எல்லாம் உண்மை என்றே வைத்துக்கொண்டாலும் குற்றம் தேறவில்லை. இதற்கும் விசாரணை முடியட்டும் என்று காத்திருக்கச் சொல்வது அநியாயம்.

5 மார்ச்

ரத்து! வாதம் சில நிமிடங்கள்தான். வழி மறிக்கப்பட்டவர் யார் என்று நீதிபதி கேட்டார். அரசுத் தரப்பு வழக்கறிஞர் கட்டைப் புரட்டினார், அவரிடமும் பதில் இல்லை.

போனில் சொன்னதும் அந்த அம்மா அழுதுவிட்டார். உத்தரவு நகல் வந்ததும் கீழ்க்கோர்ட்டிலும் பாஸ்போர்ட் அலுவலகத்திலும் கொடுக்கச் சொல்லியிருக்கிறேன்.

ஆனால் உத்தரவு மனுதாரருக்கு மட்டும். அதே குற்றப்பத்திரிகையில் இருக்கும் மற்றவர்கள், பெரும்பாலும் நூறு நாள் வேலைக்குப் போகும் பெண்கள், அடுத்த வாய்தாவுக்கும் கூலியை விட்டுவிட்டு வந்து நிற்க வேண்டும். அவர்களுக்கும் சேர்த்து ஒரே மனு போடலாம், ஃபீஸ் வேண்டாம் என்று சீனியர் சொல்லிவிட்டார். வக்காலத்தில் கையெழுத்து வாங்க ஞாயிற்றுக்கிழமை அந்த ஊருக்குப் போகிறேன்.