31.2 நாள் நிலவும் காணாமல்போன மாதமும்

கற்பனை உலகம் ஒன்றுக்கு நாள்காட்டி போட நினைப்பவர்களுக்கு எடுத்தவுடனே ஒன்று சொல்லிவிடுகிறேன். இணையத்தில் கிடைக்கும் நாள்காட்டிச் செயலி எதற்கும் பணம் கட்டும் முன், அது நிலவின் காலத்தைத் தசமத்தில் ஏற்கிறதா என்று பாருங்கள். என் பணமும் ஒரு கோடைவிடுமுறையும் அங்கேதான் போயின.

என் நாவலின் உலகத்தில் ஒரு வருடம் 360.4 நாள். ஒரு பௌர்ணமிக்கும் அடுத்த பௌர்ணமிக்கும் இடையே 31.2 நாள். இதை முடிவு செய்ய ஒரு மாலைப்பொழுது போதுமானதாக இருந்தது. ஆனால் கதை 400 வருடம் ஓடுகிறது. ஒரு குலத்தின் காப்புக்கட்டு பௌர்ணமியில் மட்டுமே நடக்கும். எந்தத் தலைமுறைக் கதையை எடுத்தாலும் அன்று வானத்தில் முழுநிலவு இருந்தாக வேண்டும்.

அந்தச் செயலி 31.2 என்பதை வாங்கிக்கொண்டது, உள்ளே 31 என்று சேமித்துவிட்டது. எச்சரிக்கை எதுவும் கிடையாது. மாதத்துக்கு 0.2 நாள் பிசகினால் வருடத்துக்கு 2.3 நாள்; ஏழு வருடத்துக்குள் பௌர்ணமி வரவேண்டிய இரவில் அமாவாசை. நாயகியின் காப்புக்கட்டு கும்மிருட்டில் நடப்பதைப் பார்த்துத்தான் விஷயமே தெரிந்தது. உதவிப் பிரிவுக்கு எழுதினேன். "மாதங்கள் முழு எண்ணாகத்தான் இருக்கும்" என்று பதில். நம் நிலவுக்கே 29.53059 நாள் ஆகிறதே என்று திரும்ப எழுதினேன். புகாரை முடித்துவிட்டதாக ஒரு மின்னஞ்சல் வந்தது, அவ்வளவுதான். இரண்டாவது நிலவு வேண்டுமென்றால் கூடுதல் கட்டணம் என்று அதன் அடியில் ஒரு விளம்பரம் வேறு.

சரி, பஞ்சாங்கம் கணித்தவர்கள் இதை எப்படிச் சமாளித்தார்கள் என்று பார்க்கலாம் என்று தோன்றியது. எல். டி. சுவாமிக்கண்ணு பிள்ளை 1922இல் வெளியிட்ட 'இந்தியன் எபிமெரிஸ்' என்ற பஞ்சாங்கக் கணக்கு நூல் பழைய நூலகம் ஒன்றின் பட்டியலில் இருந்தது. பேருந்து பிடித்துப் போனால், "பைண்டிங்குக்குப் போயிருக்கு, எப்ப வரும்னு சொல்ல முடியாது" என்றார் மேசையில் இருந்தவர். எப்போது போனது என்றும் அவருக்குத் தெரியவில்லை. பட்டியலை மட்டும் நம்பிக் கிளம்பாதீர்கள், முதலில் போன் செய்து கேளுங்கள். அப்புறம் ஸ்கேன் செய்த பிரதியே இணையத்தில் கிடைத்தது.

அதைப் படித்துக்கொண்டே போனபோதுதான் அகர்கணம் பிடிபட்டது. கி.மு. 3102 பிப்ரவரியில் கலியுகம் பிறந்ததாக வைத்து, அன்று முதல் நாட்களை விடாமல் எண்ணிக்கொண்டே போவது. மாதம், திதி எல்லாம் அந்த ஒரே எண்ணிலிருந்து பிறக்கும். மேல்பத்தூர் நாராயண பட்டதிரி, குருவாயூரப்பன் மீது பாடிய நாராயணீயத்தை முடித்த நாளை, எழுத்துக்கு ஓர் எண் என்ற முறையில், கடைசிச் சொற்களுக்குள் கலிநாள் 17,12,210 என்று ஒளித்து வைத்திருக்கிறார். நாளைக் குறிக்க அவருக்கு மாதப் பெயரே தேவைப்படவில்லை.

எனக்கும் அதுவே வழி. அமாவாசையும் வருடப்பிறப்பும் ஒன்றாக வரும் ஒரு நாளை 0 என்று வைத்தேன். நாள் எண்ணை 31.2ஆல் வகுத்தால் மீதி நிலவின் வயது, 15.6 பக்கம் வந்தால் பௌர்ணமி. 360.4ஆல் வகுத்தால் வருடம். ஐந்து மாதத்தில் நான்குக்கு 31 நாள், ஒன்றுக்கு 32.

இதை விரிதாளில் போடும்போது ஒரு எச்சரிக்கை: தேதி வடிவத்தைத் தொடவே தொடாதீர்கள். 3-11 என்று அடித்தால் அது பூமியின் தேதியாக மாறிவிடும். வெறும் எண்ணாக மட்டும் வையுங்கள். சூத்திரத்தை முதலில் நம் சூரியன், நிலவின் எண்களைப் போட்டுச் சோதியுங்கள். 19 வருடமும் 235 நிலவு மாதமும் ஏறக்குறைய இரண்டு மணி நேர வித்தியாசத்தில் பொருந்த வேண்டும். பொருந்தினால் சூத்திரம் சரி.

என் உலகத்தில் வருடத்துக்கு 11 மாதம், மிச்சம் 17.2 நாள் நிற்கும். அந்த மிச்சத்தை ஈடுகட்ட அவ்வப்போது நுழைக்கும் கூடுதல் மாதம்தான் அதிக மாதம்; 20 வருடத்துக்கு 11 அதிக மாதம் சேர்த்தால் 0.8 நாள் மட்டும் இடிக்கிறது. அந்த 0.8ஐ விடாமல் துரத்தினேன். 780 வருடத்தில் அது சரியாக ஒரு முழு மாதமாகிறது! யாருடைய தாத்தாவும் பார்த்திராத ஒரு மாதம். அதற்கு வரி வாங்கலாமா, அதில் பிறந்த குழந்தைக்கு எந்த மாதக் காப்பு என்று இரண்டு கோயில்கள் மோதிக்கொள்கின்றன. நாவலின் கடைசிப் பகுதி முழுக்க அதுதான். உட்கார்ந்து யோசித்திருந்தால் இது எனக்குக் கிடைத்திருக்காது, கணக்குதான் தந்தது.

அப்புறம் அச்சுக்குப் போனது. அதிக மாதத்துக்கு அடுத்து வரும் மாதத்தின் பெயரையே வைத்திருந்தேன். 2023இல் தெலுங்கு, கன்னடப் பஞ்சாங்கங்களில் சிராவணம் இரண்டு முறை வந்ததே, அந்த முறை. முதல் மெய்ப்பில் இரண்டு 'வலைகாய்' மாதங்களில் ஒன்றைக் காணோம். பக்கம் வடிவமைத்தவரைக் கூப்பிட்டால், "சார், ஒரே மாசம் ரெண்டு தடவை வந்திருந்துச்சு, ஒண்ணை எடுத்துட்டேன்" என்கிறார். 31 நாள் முற்றுகை ஒரே வரியில் முடிந்திருந்தது. எனக்குக் கை நடுங்கிவிட்டது.

முன்வலைகாய், பின்வலைகாய் என்று திருத்தி அனுப்பினேன். அடுத்த மெய்ப்பில் 'முன்' போய்விட்டிருந்தது. அதன் பிறகு அதிக மாதம் வரும் வருடங்களைத் தனித்தாளில் எழுதி, "எதையும் நீக்க வேண்டாம்" என்று மேலே சிவப்பில் போட்டு அனுப்பினேன். நீங்கள் கைப்பிரதி கொடுக்கும்போதே இந்தத் தாளையும் சேர்த்துக் கொடுத்துவிடுங்கள். இப்போது வந்திருக்கும் மெய்ப்பில் இரண்டு மாதமும் இருக்கின்றன. 20 வருட அட்டவணைக்குக் கடைசியில் ஒரு பக்கமும் ஒதுக்கித் தந்திருக்கிறார்கள்.