உடைவாளின் பின்னே மூன்று சுவாமிகள்: பத்மநாபபுரம் முதல் அனந்தபுரி வரை

திருவிதாங்கூர் ராஜ்யம் 1949-இல் கொச்சியோடு இணைந்து முடிந்தது. கல்குளமும் பழைய தலைநகரான பத்மநாபபுரமும் 1956 நவம்பர் 1 முதல் கன்னியாகுமரி மாவட்டம். ஆனாலும் ஆண்டுக்கு ஒருமுறை, நவராத்திரிக்கு முன்பு, அந்த ராஜ்யத்தின் உடைவாள் பத்மநாபபுரம் அரண்மனையை விட்டு வெளியே வருகிறது. அதன் பின்னால் மூன்று சுவாமிகள் எழுந்தருளி, திருவனந்தபுரம் வரை மூன்று நாள் பயணம் போகிறார்கள். திருவிதாங்கூர் அரசவை எப்படி இயங்கியது என்று பார்க்க விரும்புகிறவர்கள் அருங்காட்சியகத்துக்குப் போவதை விட இந்தப் பவனியின் பின்னால் ஒரு நாள் நடப்பது மேல்.

வாளுக்கு ஏன் முதலிடம் என்பது கொல்லம் ஆண்டு 925 மகரம் 5-இல், அதாவது 1750 ஜனவரியில், முடிவான விஷயம். மார்த்தாண்ட வர்மா பத்மநாபசுவாமி சந்நிதியில் வாளை வைத்து, நாட்டையே சுவாமிக்கு எழுதிக்கொடுத்து, ‘பத்மநாப தாசன்’ என்ற பெயரில் அதைத் திரும்ப வாங்கினார். இதுதான் திருப்படிதானம். அதன் பிறகு வந்த மன்னர்கள் எல்லோரும் சுவாமியின் காரியஸ்தர்கள்தான். எனவே வாள் போகும் இடத்தில் ராஜ்யமே போவதாகக் கணக்கு.

மூன்று சுவாமிகளில் தேவாரக்கட்டு சரஸ்வதி அரண்மனை வளாகத்திலேயே இருப்பவள். கம்பர் பூஜித்த விக்கிரகம், பின்னர் சேர மன்னர் வசம் வந்தது என்பது ஐதீகம். மார்த்தாண்ட வர்மாவுக்கு அடுத்து ஆண்ட தர்மராஜா காலத்தில் தலைநகர் திருவனந்தபுரத்துக்கு மாறிய பிறகு, பூஜைக்காக அவளை அங்கே எழுந்தருளச் செய்யும் வழக்கம் வந்தது. துணைக்கு வேளிமலை குமாரசுவாமி, சுசீந்திரம் முன்னுதித்த நங்கை அம்மன். முருகன் தங்கியிருப்பது தக்கலையை அடுத்த குமாரகோவிலில்.

நாள் கணக்கில்தான் பலர் கோட்டை விடுகிறார்கள். நவராத்திரி தொடங்குவதற்கு முந்தைய மாலை மூன்று சுவாமிகளும் திருவனந்தபுரம் சேர்ந்திருக்க வேண்டும். அங்கிருந்து பின்னோக்கி எண்ணுங்கள். முதல் இரவு குழித்துறை மகாதேவர் கோவில், இரண்டாம் இரவு நெய்யாற்றின்கரை கிருஷ்ணன் கோவில், மூன்றாம் நாள் மாலை கரமனை வழியாகக் கோட்டைக்குள். சுசீந்திரத்து அம்மன் இதற்கும் ஒரு நாள் முன்பே புறப்பட்டுவிடுவாள். பத்மநாபபுரத்துக்கு மட்டும் வந்தால் அந்தப் புறப்பாடு கிடைக்காது. தேதியைத் தேவசம் (கோவில் நிர்வாகம்) அறிவிப்பில் சரிபார்த்துக்கொண்டே டிக்கெட் எடுங்கள்.

புறப்பாட்டன்று காலையிலேயே தக்கலை வந்துவிடுங்கள். ரயிலில் வருவோருக்கு இரணியல் பக்கம். தக்கலையிலிருந்து அரண்மனை இரண்டு கிலோமீட்டர்தான். அரண்மனை நிலம் தமிழ்நாட்டில் இருந்தாலும் நிர்வாகம் கேரளத் தொல்லியல் துறையிடம். வழக்கமாகத் திங்கட்கிழமை விடுமுறை. புறப்பாட்டு நாளில் சுற்றிப் பார்க்கலாம் என்று எண்ணி வந்தால் ஏமாற்றம்தான், ஆகவே அரண்மனைக்கென்று தனியாக ஒரு நாள் வையுங்கள். வாள் இருப்பது உப்பரிகை மாளிகையில். நான்கு நிலைகள் கொண்ட அந்த மாளிகையின் உச்சி நிலை பத்மநாபருக்கு; மன்னர் அதற்குக் கீழேதான் படுத்தார். யார் மேலே, யார் கீழே என்பதை மரத்திலேயே கட்டி வைத்துவிட்டார்கள். அங்கிருந்து வாளை எடுத்துக் கொடுத்து, கைமாறி, தேவசம் அதிகாரி அதை ஏந்திப் புறப்படும் நேரம் சில நிமிடங்கள்தான். முன்வரிசையில் காவலர்களும் அதிகாரிகளும் நிறைந்திருப்பார்கள். வாளைக் கிட்டத்தில் பார்க்க முண்டியடிப்பதை விட வெளியே தெருவில் நிற்பதே நல்லது. சரஸ்வதி யானை மீதும் மற்ற இருவரும் பல்லக்கிலும் வருவதை அங்கே நிதானமாகத் தரிசிக்கலாம்.

வழிநெடுக வீட்டு வாசல்களில் குத்துவிளக்கு ஏற்றி, பறை என்னும் அளவுப் பாத்திரம் நிறைய நெல் வைத்து, அதில் தென்னம்பூக்குலை செருகி வைத்திருப்பார்கள். தட்டத்தில் தேங்காய், பழம், பூ, கற்பூரம். இப்படி ஒவ்வொரு வாசலிலும் நின்று நின்று வருவதால் பவனி எந்த ஊருக்கு எத்தனை மணிக்கு வரும் என்று யாராலும் சரியாகச் சொல்ல முடியாது. காரில் பின்தொடர்வது வீண் வேலை. நெடுஞ்சாலையில் போக்குவரத்தை நிறுத்திவிடுவார்கள், நீங்கள் பவனிக்கு ஒரு மைல் பின்னால் மாட்டிக்கொள்வீர்கள். ரயிலில் குழித்துறையிலோ நெய்யாற்றின்கரையிலோ இறங்கி, முன்னால் போய்க் காத்திருங்கள். களியக்காவிளையில் கேரளம் வரவேற்கும் இடத்தில் கூட்டம் மிக அதிகம். குழந்தைகளோடு வருவோர் அதைத் தவிர்த்துவிடலாம்.

கரமனையில் முருகன் வெள்ளிக் குதிரைக்கு மாறுவார். சரஸ்வதி கோட்டைக்குள் நவராத்திரி மண்டபத்திலும், முருகன் ஆரியசாலைக் கோவிலிலும், முன்னுதித்த நங்கை செந்திட்டைக் கோவிலிலும் தங்குவார்கள். மூன்றையும் ஒரே மாலையில் பார்த்துவிடலாம். பத்மநாபசுவாமி கோவில் தரிசனத்தை மட்டும் காலைக்கு வைத்துக்கொள்ளுங்கள். நடை விட்டு விட்டுத்தான் திறப்பார்கள். பேன்ட், சட்டையோடு உள்ளே விடமாட்டார்கள். ஆண்கள் வேட்டி மட்டும், பெண்களுக்குச் சேலை. 12,008 சாளக்கிராமங்களும் கடுசர்க்கரை என்னும் சாந்தும் சேர்ந்த அந்தத் திருமேனியை மூன்று வாசல் வழியாகத்தான் காண முடியும்: முகம், நாபி, பாதம். வரிசை நகர்ந்துகொண்டே இருக்கும், கையைக் கூப்பியதும் கண்ணை மூடிவிடாதீர்கள்.

இனி நவராத்திரி மண்டபம். இந்தப் பயணத்தில் அதிக நேரம் ஒதுக்க வேண்டிய இடம் இதுதான். ஒன்பது மாலைகளும் சரஸ்வதி முன்னிலையில் கச்சேரி; நாளுக்கு ஒன்றாகச் சுவாதித் திருநாளின் (1813–1846) நவராத்திரிக் கிருதிகள். முதல் நாள் சங்கராபரணத்தில் ‘தேவி ஜகஜ்ஜனனி’, இரண்டாம் நாள் கல்யாணியில் ‘பாஹி மாம் ஸ்ரீ வாகீஸ்வரி’, பிறகு சாவேரி, தோடி, பைரவி, பந்துவராளி, சுத்தசாவேரி, நாட்டைக்குறிஞ்சி, ஒன்பதாம் நாள் ஆரபியில் ‘பாஹி பர்வதநந்தினி’. ராகத்துக்கு ஏற்ப நாளைத் தேர்ந்தெடுத்து வருகிற ரசிகர்கள் உண்டு. கச்சேரிக்கு முன் பரம்பரைப் பாடகர்களான முல்லமூடு பாகவதர்கள் தோடயம் என்னும் தொடக்கத் துதியைப் பாடுவார்கள். மற்ற மேடைகளில் மிருதங்கம் இல்லாமல் ராகத்தை விரித்துப் பாடும் ‘தானம்’ என்ற பகுதியிலும் இங்கே மிருதங்கம் கூடவே போகும். வேறு சபாக்களில் கேட்டுப் பழகியவர்களுக்கு இது புதிதாக இருக்கும். மேலே பார்த்தால் கூரையிலிருந்து மண்பானைகள் கவிழ்த்துத் தொங்கும், நாதம் சிதறாமல் இருக்க.

கச்சேரி மாலை ஆறு மணிக்கு. ஐந்தரைக்கே போய்த் தரையில் இடம் பிடியுங்கள். இடையில் எழுந்து போவது அழகல்ல. பாடுவது தேவிக்கு என்பதால் கைதட்டல் கிடையாது. பழக்க தோஷத்தில் யாராவது தட்டிவிட்டுக் கூசிப்போவது எல்லா ஆண்டும் நடப்பதுதான். பாடுபவர்களுக்கு மேல்சட்டை கிடையாது. கேட்க வரும் ஆண்களும் வேட்டியோடு வந்து சட்டையைக் கழற்றத் தயாராக இருப்பது நல்லது. பெண்கள் பாடக்கூடாது என்றிருந்த கட்டுப்பாடு 2006-இல் பாறசாலை பொன்னம்மாள் பாடியதோடு விலகியது. மிகத் தாமதம் என்றே சொல்ல வேண்டும்.

விஜயதசமியன்று முருகன் வெள்ளிக் குதிரையில் பூஜப்புரை சென்று வேட்டை நடத்துவார். மறுநாள் நல்லிருப்பு, அதாவது ஓய்வு. அதற்கு அடுத்த நாள் காலை மூவரும் வந்த வழியே நெய்யாற்றின்கரை, குழித்துறை தங்கி ஊர் திரும்புவார்கள். இந்தத் திரும்பு பயணத்தில் கூட்டம் குறைவு. வயதானவர்களை அழைத்து வருவதாக இருந்தால் குழித்துறையில் இந்த இரவையே தேர்ந்தெடுங்கள்.