மார்ஷல்ஸ் ரோட்டு அம்மா

எழும்பூர் ஸ்டேஷனில் இறங்கி, ஆட்டோக்காரரிடம் "ருக்மணி லட்சுமிபதி சாலை" என்று சொல்லிப் பாருங்கள். "அது எங்கம்மா இருக்கு?" என்பார். "மார்ஷல்ஸ் ரோடு" என்றால் வண்டியைக் கிளப்பிவிடுவார். போன டிசம்பரில் ஊருக்குப் போனபோதும் இதே கதைதான். கோபம் வரவில்லை. தினமும் அந்த ரோட்டில் நடந்தே பள்ளிக்கு வந்த நானும் ஒன்பதாம் வகுப்பு வரை அப்படித்தான் சொல்லிக்கொண்டிருந்தேன்.

1998 ஜனவரி, பொங்கல் லீவு முடிந்த வாரம். ஹிஸ்டரி மிஸ் உள்ளே வந்ததும் (பெயரைப் போடாதே என்று போனிலேயே கண்டித்துவிட்டார், அதனால் மிஸ் என்றே வைத்துக்கொள்கிறேன்) கேட்ட முதல் கேள்வி: "ராஜரத்தினம் ஸ்டேடியம் இருக்கிற ரோட்டுக்கு என்ன பேரு?" மொத்த வகுப்பும் மார்ஷல்ஸ் ரோடு என்று கத்தினோம். "போர்டுல என்ன எழுதியிருக்கு?" ஒருத்தி தயங்கித் தயங்கிச் சொன்னாள். "சரி, அவங்க யாரு?"

கமிஷனர் வீட்டம்மா என்றாள் ஒருத்தி. பழைய நடிகை என்றாள் இன்னொருத்தி. "அந்த ரோட்டுல பெரிய வீடு வச்சிருந்தவங்க மிஸ்" என்றேன் நான், நேரில் பார்த்த மாதிரி.

மிஸ் சிரித்துவிட்டு ஒரு பழுப்புக் கவரை எடுத்தார். உள்ளே ஒரே ஒரு தபால் தலை. முந்தின வருஷம், 1997இல், தபால் துறை வெளியிட்டது. "ஓரத்துல இங்க் பட்டிருக்கு, பரவால்ல, பாத்துட்டு அடுத்த பெஞ்சுக்குக் குடுங்க" என்றார். கவர் கைமாறிக்கொண்டே இருக்க, அவர் பாடத்தை ஆரம்பித்தார். கையில் புத்தகம் இல்லை.

ருக்மணி லட்சுமிபதி 1892இல் பிறந்தவர். நுங்கம்பாக்கத்து மகளிர் கிறித்தவக் கல்லூரியில் பி.ஏ. படித்தவர். கணவர் அசண்ட லட்சுமிபதி, ஆயுர்வேத மருத்துவர். 1923இல் காங்கிரஸில் சேர்ந்தார். இதையெல்லாம் மிஸ் ஒரே மூச்சில் சொல்லிவிட்டார். குரல் நிதானப்பட்டது பாரிஸ் வந்தபோதுதான்.

1926இல் பெண்கள் வாக்குரிமைக்காகப் பாரிஸில் ஓர் உலக மாநாடு நடந்தது. இந்தியாவின் சார்பில் போனவர்களில் இவரும் ஒருவர். "மெட்ராஸ்ல பொம்பளைங்களுக்கு எப்ப ஓட்டு வந்துச்சு தெரியுமா? 1921. சொத்து இருந்தவங்களுக்கு மட்டும்தான், ஆனா வந்துடுச்சு. பிரான்ஸ்ல எப்ப? 1944. அப்ப யாரு யாருக்குச் சொல்லிக்குடுக்கப் போயிருப்பாங்க?" வகுப்பில் சத்தமே இல்லை. வெள்ளைக்காரர்கள் நமக்குக் கற்றுக்கொடுத்த கதையை மட்டுமே அதுவரை கேட்டிருந்தோம். கனடாவுக்கு வந்த பிறகு இந்த ஒரு தகவலை எத்தனை விருந்துகளில் எடுத்து விட்டிருக்கிறேன் என்று கணக்கே இல்லை.

அடுத்தது வேதாரண்யம். 1930 ஏப்ரல் 13 அன்று ராஜாஜி நூறு பேர் போலச் சேர்த்துக்கொண்டு திருச்சியிலிருந்து நடந்தது எங்கள் பாடத்திலேயே இருந்தது. அந்த உப்புப் போராட்டத்தில் சிறை போன முதல் பெண் ருக்மணி, தண்டனை ஓராண்டு என்பதை மிஸ் சொல்லித்தான் கேட்டோம். பாடத்தில் படித்ததாக எனக்கு நினைவில்லை.

அந்த மார்ச்சில் பெண்கள் தினப் பேச்சுப் போட்டி. நான் இவரைப் பற்றித்தான் பேசினேன். "இந்தியாவின் முதல் பெண் அமைச்சர்!" என்று கையை ஓங்கி முடித்தேன். கைதட்டல் அள்ளியது. மேடையை விட்டு இறங்கியதும் மிஸ் காதோரம் சொன்னார்: "விஜயலட்சுமி பண்டிட் 1937லயே உத்தரப் பிரதேசப் பக்கம் மந்திரி ஆயிட்டாங்க. நம்ம அம்மா மெட்ராஸ் மாகாணத்துக்குத்தான் முதல். அதக் கொறைச்சும் சொல்லாத, கூட்டியும் சொல்லாத." பரிசு இரண்டாவதுதான் கிடைத்தது. முதல் பரிசு யாருக்கு என்பது இதைப் படிக்கிறவளுக்கே தெரியும்.

அந்த 1937தான் எனக்கு இன்றும் உறுத்துகிற வருஷம். தேர்தலில் காங்கிரஸுக்கு 215இல் 159 இடம். ராஜாஜி அமைத்த மந்திரிசபையில் பத்துப் பேர், ஒருவர்கூடப் பெண் இல்லை. ருக்மணிக்குக் கிடைத்தது துணை சபாநாயகர் பதவி. ஜூலை 15 அன்று தேர்ந்தெடுக்கப்பட்டார். அது பெரிய பதவி இல்லை என்று சொல்ல மாட்டேன். ஆனால் ஏழு வருஷம் முன்பு வேதாரண்யத்துக்காகச் சிறையில் இருந்தவரை, அந்த யாத்திரையை நடத்தியவரே நாற்காலிக்குப் பக்கத்து நாற்காலியில் உட்கார வைத்த மாதிரி எனக்குத் தோன்றுகிறது. மிஸ்ஸுக்கு இதில் உடன்பாடு கிடையாது. "அந்தக் காலத்துல அதுவே எவ்ளோ பெருசு" என்பார். இருபத்தைந்து வருஷத்துக்கு மேலாகப் போனில் இந்தச் சண்டை ஓடிக்கொண்டிருக்கிறது.

அப்போது சட்டசபை கூடியது கோட்டையில் இல்லை, சேப்பாக்கத்துப் பல்கலைக்கழக செனட் ஹவுஸில். மெரினா போகும்போது பஸ் ஜன்னல் வழியாகத் தெரியுமே, செங்கல் சிவப்பில், வெங்காயக் குமிழ் மாதிரிக் கூரைகளோடு, அதேதான். பள்ளியிலிருந்து பீச்சுக்குக் கூட்டிப் போனபோது மிஸ் பஸ்ஸையே ஒரு நிமிஷம் நிறுத்தச் சொல்லிக் காட்டினார். எங்களுக்கு மாங்காய் சுண்டலில்தான் கண்.

அமைச்சர் பதவி கடைசியில் 1946 மே மாதம் வந்தது. மாகாண முதல்வராக வந்த பிரகாசத்தின் மந்திரிசபையில் பொதுச் சுகாதாரத் துறை. அடுத்த மார்ச்சில் பிரகாசம் ஆட்சி போனதோடு அதுவும் போயிற்று. பதினோரு மாதம்கூட இல்லை. சுதந்திரம் வந்த அன்று அவர் அமைச்சராக இல்லை. மாகாணம் இருந்த வரைக்கும் வேறெந்தப் பெண்ணும் அங்கே அமைச்சராகவில்லை. 1951 ஆகஸ்டில் காலமானார்.

ஒன்று சொல்ல விட்டுப்போயிற்று. அன்று கவர் கடைசி பெஞ்சு வரை போய்த் திரும்பி வந்தபோது காலியாக இருந்தது. மிஸ் யார் பையையும் சோதிக்கவில்லை. "பத்திரமா வச்சிருந்தா சரி" என்று மட்டும் சொல்லிவிட்டு அட்டெண்டன்ஸ் நோட்டை எடுத்தார். இந்தப் பள்ளி மலரின் குழுவினர் பள்ளிக் காலத்துப் பழைய பொருள் ஏதாவது இருந்தால் படம் அனுப்பச் சொல்லிக் கேட்டிருந்தார்கள். இந்தக் கட்டுரையோடு ஒரு தபால் தலையின் படம் அனுப்பியிருக்கிறேன். ஓரத்தில் இங்க் கறை தெரியும், மிஸ்.