பலகையில் ஒரு கையெழுத்து

மார்ச் 3, செவ்வாய்

அமெரிக்கத் தொலைக்காட்சியின் தொடக்க காலப் பதிவுகளை இரவு உணவுக்குப் பின் ஒவ்வொன்றாகப் பார்த்து வருகிறேன். இன்று 'வாட்ஸ் மை லைன்?', 1950 முதல் 1967 வரை சிபிஎஸ்ஸில் வந்த நிகழ்ச்சி. முன்பின் அறியாத ஒருவர் உள்ளே வந்து, பலகையில் தம் பெயரை எழுதிவிட்டு, தொகுப்பாளர் ஜான் சார்லஸ் டேலியின் பக்கத்தில் அமர்கிறார். அவர் செய்யும் தொழிலை நால்வர் கேள்வி கேட்டே கண்டுபிடிக்க வேண்டும். ஒவ்வோர் 'இல்லை'க்கும் அவருக்கு 5 டாலர்; பத்து 'இல்லை' சேர்ந்துவிட்டால் 50 டாலரோடு அவர் வென்றவர் ஆகிறார்.

மார்ச் 4, புதன்

நேற்று கவனிக்கத் தவறியது அந்தக் கையெழுத்தை. எதிரே இருக்கும் நால்வரும் பேச்சையே பிழைப்பாகக் கொண்டவர்கள். விருந்தினருக்கோ ஆம், இல்லை என்ற இரண்டு சொற்களுக்குமேல் பெரிதாக வேலையில்லை. கேள்வி இரண்டுங்கெட்டானாக அமைந்துவிட்டால் அவர் டேலியின் காதருகே சாய்கிறார். டேலி அதை நீட்டி முழக்கி ஒரு விளக்கமாகத் திருப்பித் தருகிறார். ஆகவே அந்த மனிதர் யாருடைய உதவியும் இல்லாமல் செய்வது, நமக்கு முதுகைக் காட்டி நின்று சாக்குக்கட்டியால் பெயர் எழுதும் அந்தச் சில நொடிகள்தாம்.

மார்ச் 6, வெள்ளி

நகைச்சுவை நடிகர் க்ரௌச்சோ மார்க்ஸ் தொகுத்த 'யூ பெட் யுவர் லைஃப்'. இங்கே எல்லாம் தலைகீழ்: வந்தவர் பேசித்தான் ஆகவேண்டும். ரகசியச் சொல் தற்செயலாக வாயில் வந்துவிட்டால், பொம்மை வாத்து ஒன்று மேலிருந்து இறங்கி 100 டாலர் தரும். நேரலையாக இல்லாமல் நீளமாகப் படம்பிடித்து அரை மணி நேரத்துக்கு வெட்டியதால், தடுமாற்றங்களில் எவ்வளவு கத்தரிக்குப் போயிற்றோ! சிரித்தேன், ஆனாலும் மனம் பலகைக்காரர்களிடமே திரும்பியது.

மார்ச் 8, ஞாயிறு

'ஐவ் காட் எ சீக்ரெட்', பிப்ரவரி 1956. இதில் விருந்தினரின் ரகசியத்தைக் குழுவினர் கேள்வி கேட்டே கண்டுபிடிக்க வேண்டும். மேரிலாந்தைச் சேர்ந்த சாமுவேல் சீமோர், வயது 95. ஆப்ரகாம் லிங்கனை ஜான் வில்க்ஸ் பூத் சுட்டபோது ஃபோர்டு நாடக அரங்கில் இருந்த ஐந்து வயதுச் சிறுவன் இவர், அதுதான் ரகசியம். நியூயார்க் வந்த இடத்தில், விடுதிப் படியில் விழுந்து ஒரு கண் வீங்கியிருந்தது. வருவதா வேண்டாமா என்பதை அவர் விருப்பத்துக்கே விட்டதாகத் தொகுப்பாளர் கேரி மூர் சொல்கிறார், கிழவர் வந்துவிட்டார்.

பக்கத்தில் அமர்ந்திருந்த அம்மா, மொழி முழுதாகப் புரியாமலே, "இந்த வயசுல இவரை ஏம்ப்பா கூட்டிட்டு வந்தாங்க?" என்றார். விழுந்த கதையைச் சொன்னேன். "அப்ப அவராத்தான் வந்திருக்காரு" என்று தம்மைத் திருத்திக்கொண்டார்.

குழுவில் பில் கல்லன் கேட்டுக் கேட்டு நெருங்க, ஜெய்ன் மெடோஸ் கண்டுபிடித்துவிட்டார். 1865 ஏப்ரல் 14 இரவைப் பற்றி எனக்கு மறக்காத செய்தி ஒன்று உண்டு: குடியரசுத் தலைவர் சுடப்பட்டார் என்பது அந்தச் சிறுவனுக்கு விளங்கவில்லை, மாடத்திலிருந்து கீழே விழுந்த ஆளுக்கு அடிபட்டிருக்குமே என்றுதான் கவலைப்பட்டான். அந்த ஆள் பூத். தொண்ணூற்றொரு ஆண்டுகள் கழித்து, தாமே விழுந்து வீங்கிய கண்ணோடு, அவர் இங்கே உட்கார்ந்திருக்கிறார்.

மார்ச் 9, திங்கள்

பரிசை மறுபடி பார்த்தேன். 80 டாலரோடு, நிகழ்ச்சியின் புரவலரான வின்ஸ்டன் சிகரெட்டும் தருவது வழக்கம். சீமோர் சிகரெட் பிடிப்பவர் அல்லர் என்பதால் சுங்கான் புகையிலை கொடுத்தார்கள். அதே ஆண்டு ஏப்ரல் 12-இல் அவர் இறந்தார்.