அம்மப்பா பார்த்த இரண்டாவது யப்பான்காரன்

எங்கள் அம்மப்பா மலாயன் பென்சன்காரர், அதாவது மலாயாவில் (இன்றைய மலேசியாப் பக்கம்) வேலை பார்த்துப் பென்சனோடு ஊர் திரும்பியவர். மானிப்பாய்ப் பக்கம் ஒரு காலத்தில் ஒழுங்கைக்கு ஒருவராவது அப்படி இருந்தார்கள், பின்னேரம் விறாந்தையில் சாய்மனைக் கதிரையைப் போட்டால் கதை எங்கே தொடங்கினாலும் மலாயாவின் தைப்பிங் நகரத்தில்தான் போய் நிற்கும். அங்கே அவர் ரெயில்வேயில் கிளாக்கர்.

யப்பான்காரனைப் பற்றி அவரிடம் இரண்டு கதை இருந்தது. 1941 டிசம்பரில் வந்தவன் சைக்கிளில் பேய் மாதிரி வந்தானாம். கடைசி வருடத்தில் பார்த்தவனோ தேய்ந்த சப்பாத்தோடு மரவள்ளிக்குப் பாத்தி கொத்திக்கொண்டு நின்றானாம். "அதே ஆள்தான், பசியில வாடிப்போனான்" என்பது அவருடைய தீர்ப்பு. நாங்களும் நம்பினோம்.

போன மாதம் ட்ரங்குப் பெட்டியைக் கிளறியபோது வாழைக்குலை போட்ட பத்து டொலர் நோட்டுக் கட்டு ஒன்று அகப்பட்டது. யப்பான் அடித்த காசு. தாளில் தொடர் இலக்கமே இல்லை, M என்று தொடங்கும் இரண்டு ஆங்கில எழுத்து மட்டும். எண்ணி அடிக்கவும் பொறுமையில்லாமல் போயிருக்கிறது போல. அந்தக் கட்டுத்தான் என்னைத் தேட வைத்தது. சரி, தேடிப் பார்த்தால் அம்மப்பா சொன்னது பிழை. அதே ஆள் இல்லை.

மலாயாவைப் பிடித்தது 5ஆம், 18ஆம் டிவிசன்களும் இம்பீரியல் காவலர் டிவிசனும். பிறகு 18 பர்மாவுக்குப் போய்விட்டது, காவலர் டிவிசன் சுமாத்திராவுக்கு, 5 கிழக்கே தீவுகளுக்கு. 1944இல் இந்தியாவின் வடகிழக்கில் இம்பாலிலும் கோகிமாவிலும் யப்பான்காரன் அடிவாங்கிய பிறகு, அடுத்ததாக வெள்ளைக்காரன் கடலால் மலாயாவில் இறங்குவான் என்ற பயம் வந்துவிட்டது, ஆனால் காவலுக்கு நிறுத்த நல்ல படை கையில் இல்லை. அதனால் அந்த ஒக்டோபரில் அங்கே கிடந்த காவற்படைகளைக் கூட்டிக் கட்டியதுதான் 94ஆம் டிவிசன். 256, 257, 258 என்று மூன்று காலாட்படை ரெஜிமென்ட். இதற்கு மேலே 29ஆம் ஆமி (ஆமி என்று எழுதினாலே எங்களுக்கு வேறு ஞாபகம்தான் வரும், அதை விடுவோம்), அதன் தலைமையகம் தைப்பிங்கிலேயே இருந்தது. ஆக, அம்மப்பா கடைசியில் பார்த்தவன் அநேகமாக இந்தக் கூட்டத்தைச் சேர்ந்தவன். புதிதாகச் சேர்த்த படை, வந்த நாளிலிருந்தே காத்திருந்தது, அவ்வளவுதான்.

காத்திருந்த சண்டை வரவேயில்லை. 1945 ஓகஸ்ட் 15இல் யப்பான் சரணடைந்தது. ஆனாலும் திட்டம் போட்டாயிற்று என்று பிரிட்டிஷார் செப்டெம்பர் 9இல் மொரிப் கடற்கரையில் இறங்க, அவர்களுடைய வாகனங்கள் சேற்றில் புதைந்து நின்றன. சுடுவதற்கு ஆள் நின்றிருந்தால் என்ன நடந்திருக்கும் என்று யோசித்தாலே வயிற்றைக் கலக்குகிறது. 13ஆம் திகதி கோலாலம்பூர் விக்டோரியா கல்லூரியில் 29ஆம் ஆமித் தளபதி இஷிகுரோ கையெழுத்துப் போட்டார். அதோடு 94இன் கதையும் சரி, ஒரு வருடம்கூட நிரம்பவில்லை. பெரிய சண்டை ஒன்றும் பிடிக்காததால் அதைப் பற்றி எழுதவும் யாரும் மினக்கெடவில்லை.

இதையெல்லாம் அம்மாவிடம் சொன்னேன். அவர் நோட்டுக் கட்டையே பார்த்துக்கொண்டிருந்தார். "இதுக்கு ஒரு கொத்து அரிசியும் வராது எண்டு அவரே சொல்லுவார், பிறகேன் கப்பலில காவிக்கொண்டு வந்தவரோ."