கரிமூட்டத்தில் முடியும் கதை

மைக்கேலாஞ்ஜெலோ ஃபிரம்மார்த்தினோ 2010இல் எடுத்த ‘லே குவாத்ரோ வோல்தே’ படத்தை நேற்றிரவு மீண்டும் பார்த்தேன். தென் இத்தாலியின் கலாப்ரியாவில் உள்ள மலைக்கிராமம் ஒன்றில், தேவாலயத்தில் பெருக்கியெடுத்த தூசியை மருந்தென்று நீரில் கலந்து குடிக்கும் முதிய இடையர் இறந்துபோக, கதை அப்போது பிறக்கும் ஆட்டுக்குட்டியிடமும், அது வழிதவறி ஒதுங்கும் ஃபிர் மரத்திடமும், திருவிழாவுக்காக வெட்டப்பட்ட அம்மரம் மூட்டத்தில் வெந்து மாறும் கரியிடமும் கைமாறுகிறது. மனிதப் பேச்சு ஆட்டுமணியின் ஓசைக்கு மேலாக ஒலிப்பதேயில்லை. சூழலியல் படமென்றால் பின்னணிக் குரல் புள்ளிவிவரம் ஒப்பிக்கும் என்று பழகிவிட்ட எனக்கு, முதன்மைப் பாத்திரம் பாதிப் படத்துக்கு முன்பே மறைந்துவிடுவது (முதல்முறை எரிச்சலூட்டியது உண்மைதான்) எந்த விளக்கவுரையையும்விட வலுவான வாதமாகத் தோன்றுகிறது. சக்கரத்துக்கு அடியிலிருந்த கல்லை நாய் இழுத்துவிட, வண்டி பின்னோக்கி உருண்டு ஆட்டுப்பட்டியை உடைக்கும் நீண்ட ஒற்றை ஷாட்டில் இம்முறையும் வாய்விட்டுச் சிரித்தேன்.