ஒற்றிக் காணியும் ஸ்காபரோ வீடும்

ஐந்து ஆண்டுகள் ஒரு மாதமும் தவறாமல் கட்டிய பிறகு, 2023 மே மாதம் எங்கள் வீட்டுக் கடனுக்கான வட்டி, முதல் மாதம் கட்டிய வட்டியைவிட 381 டாலர் கூடியிருந்தது. கடன் 65,000 டாலர் குறைந்திருந்தது. வட்டி மட்டும் கூடியிருந்தது. வங்கிக் கடிதத்தை மேசையில் வைத்து நானும் கணவரும் மாறி மாறிக் கூட்டிப் பார்த்தோம். கணக்கு சரியாகத்தான் இருந்தது. எங்களுக்குத்தான் விளங்கவில்லை.

நான் யாழ்ப்பாணத்திலிருந்து 2011இல் கனடாவுக்கு வந்தேன். ஏழு ஆண்டுகள் ரொறன்ரோ நகரின் ஸ்காபரோவில், மார்க்கம் றோட்டுக்குப் பக்கத்தில், ஒரு வீட்டின் பேஸ்மென்ட்டில் வாடகைக்கு இருந்தோம். கடைசியில் வாடகை 1,050 டாலர். கலியாண வீட்டுக்குப் போனாலும் செத்த வீட்டுக்குப் போனாலும் யாராவது ஒருவர் கேட்பார்: "இன்னும் வாடகைக்கோ? அந்தக் காசை மோட்கேஜுக்குக் கட்டினா வீடு உங்கடையெல்லோ?" எங்கள் சனத்திடம் இது வேதவாக்கு. நானும் நம்பினேன். இப்போதும் பாதி நம்புகிறேன். மற்றப் பாதியைப் பற்றித்தான் எழுத வந்தேன்.

2018 வசந்தத்தில் 500,000 டாலருக்கு ஒரு டவுன்ஹவுஸ் (வரிசை வீடு) வாங்கினோம். கையில் இருந்தது இரண்டு சீட்டுக் காசும் அவருடைய ஓவர்டைம் காசும். 50,000 டாலரை முன்பணமாகக் கொடுத்தோம். விலையில் 20 சதவீதத்துக்குக் குறைவாக முன்பணம் கொடுப்பவர் கடன் காப்பீடு எடுத்தே ஆக வேண்டும். 10 சதவீதம் கொடுத்த எங்களுக்கு அது கடன் தொகையில் 3.10 சதவீதம், அதாவது 13,950 டாலர். காப்பீடு என்றதும், எங்களுக்கு ஏதாவது நடந்தால் கடனை அவர்கள் அடைப்பார்கள் என்று நான் நினைத்துக்கொண்டேன். இல்லை. நாங்கள் கட்டாமல் போனால் வங்கிக்கு வரும் நட்டத்துக்குத்தான் அது. காசு எங்களுடையது, காப்பு அவர்களுக்கு. அந்த 13,950ஐயும் கடனோடு சேர்த்துவிடுவதால் அதற்கும் 25 ஆண்டுகளுக்கு வட்டி உண்டு. முதல் வட்டி வீதமே கடைசிவரை இருந்தாலும் அந்த 13,950 வட்டியோடு சேர்ந்து 20,400 டாலராகும். காப்பீட்டுக்கான 8 சதவீத ஒன்ராறியோ விற்பனை வரியைக் கடனில் சேர்க்க விடமாட்டார்கள். அந்த 1,116 டாலரைக் கையில் வைத்துத்தான் கட்டினோம்.

சரி, கடன் 463,950 டாலர். வட்டி 3.29 சதவீதம், 25 ஆண்டுகள், மாதம் 2,265 டாலர். நிலமாற்று வரியை ரொறன்ரோவில் மாகாணத்துக்கு ஒன்று, நகரத்துக்கு ஒன்று என்று இரண்டு தரம் கட்ட வேண்டும். முதல் வீடு வாங்குகிறவர்களுக்கான கழிவு போகவும் அது 4,475 டாலர் வந்தது. சட்டத்தரணி, வீட்டைப் பரிசோதித்தவர் எல்லோருக்கும் கொடுத்து முடித்தபோது சீட்டு, ஓவர்டைம் எல்லாம் போய் வங்கிக் கணக்கில் முந்நூறு சொச்சம் மிச்சம். குடிபூரலுக்குப் பால் காய்ச்சிய பானை மாமி தந்தது.

அன்று எல்லோரும் கேட்டது "மாதம் எவ்வளவு வருது?" என்றுதான். நாங்களும் அதைத்தான் சொன்னோம். கடன் பத்திரத்தில் போட்டிருந்த மொத்தத்தை யாரும் கேட்கவில்லை, நாங்களும் பார்க்கவில்லை. முதல் மாதம் கட்டிய 2,265இல் 1,263 டாலர் வட்டி. கடனின் முதலில், அதாவது அசலில், கழிந்தது 1,002தான். அதோடு டவுன்ஹவுஸ் பராமரிப்புக் கட்டணம் 318, வீட்டு வரி மாதத்துக்கு ஏறக்குறைய 200. திரும்பி வராத இந்த மூன்றையும் கூட்டினால் 1,781 டாலர். பேஸ்மென்ட் வாடகை 1,050. வாடகைக் காசு வீணாகப் போகிறது என்று ஏழு ஆண்டுகள் கவலைப்பட்ட எனக்கு, அதைவிட 731 டாலர் கூடுதலாக வீணாகப் போவது கண்ணில் படவில்லை.

ஏன் படவில்லை என்று யோசித்தால் எனக்குப் பளை என்ற ஊரில் இருந்த அப்பாவின் காணி ஞாபகம் வரும். 1986இல் சித்தப்பாவை வெளிநாட்டுக்கு அனுப்ப அப்பா அந்தத் தென்னங்காணியை ஒற்றி வைத்தார். யாழ்ப்பாணத் தமிழரின் வழமைச் சட்டமான தேசவழமையில் உள்ள பழைய முறை அது. காசு தந்தவர் வட்டி கேட்கமாட்டார். காணியை அவர் வைத்திருந்து அதன் விளைச்சலை எடுத்துக்கொள்வார், அதுதான் வட்டி. தேங்காய் பிடுங்கும் நாளில் வண்டி எங்கள் படலையைத் தாண்டித்தான் போகும். அப்பா எழுந்து உள்ளே போய்விடுவார். எவ்வளவு போகிறது என்பது அந்த வீட்டில் சின்னப் பிள்ளைக்கும் தெரியும்.

இங்கே வண்டி சத்தமில்லாமல் போகிறது. மாதத்தின் முதலாம் தேதி காலையில் நான் எழும்ப முன்னரே கணக்கிலிருந்து காசு கழிந்துவிடும். அதில் எது வட்டி, எது முதல் என்று பார்க்க வேண்டுமென்றால் நாமாகத் தேடிப் போக வேண்டும். ஆண்டுக்கு ஒரு தரம் வரும் கடன் கணக்குக் கூற்றை நாங்கள் உறை பிரிக்காமலே அலுமாரியில் வைத்தோம்.

ஐந்து ஆண்டு முடிவில் நாங்கள் கட்டியிருந்தது மொத்தம் 135,900 டாலர். அதில் 70,700 வட்டி. மிச்சக் கடன் 398,745.

கனடாவுக்குப் புதிதாக வருகிறவர்களுக்கு முதலில் விளங்க வேண்டியது இந்த ஐந்து ஆண்டுக் கதைதான். கடன் 25 ஆண்டுகளுக்கு, வட்டி வீதம் பெரும்பாலும் ஐந்து ஆண்டுகளுக்கு மட்டும். அது முடிந்ததும் மிச்சக் கடனைப் புதிய வீதத்தில் புதுப்பிக்க வேண்டும். நியூ ஜெர்சியில் இருக்கும் என் தங்கை 2021இல் வாங்கிய வீட்டுக்கு முப்பது ஆண்டுக்கும் ஒரே வட்டி. அவள் வட்டிச் செய்திகளைப் பார்ப்பதேயில்லை. இங்கே சட்டப்படி, ஐந்து ஆண்டுக்கு மேற்பட்ட காலத்துக்கு வட்டி வீதத்தைப் பூட்டிவைத்தாலும் ஐந்து ஆண்டு கழித்து மூன்று மாத வட்டியைத் தண்டமாகக் கொடுத்து, கடனை அடைத்து ஒருவர் வெளியேறலாம். அதனால் நீண்ட காலத்துக்கு வட்டியைப் பூட்டிக் கொடுக்க வங்கிகளுக்கு ஆசையில்லை. அவளுக்கு வரிச் சலுகையும் உண்டு, வீட்டுக் கடன் வட்டியை வருமான வரியில் கழிக்க வழி இருக்கிறது. நாம் குடியிருக்கும் வீட்டின் வட்டிக்குக் கனடாவில் அப்படி எதுவும் இல்லை. மாறாக, அந்த வீட்டை விற்று வரும் இலாபத்துக்கு இங்கே வரி கிடையாது. விற்றால்தானே.

கனடிய மத்திய வங்கி 2020 மார்ச்சில் தன் வட்டி வீதத்தை 0.25 சதவீதத்துக்கு இறக்கியது. 2022 மார்ச்சிலிருந்து பத்துத் தரம் ஏற்றி 2023 ஜூலையில் 5 சதவீதத்துக்குக் கொண்டு வந்தது. அந்த ஏற்றத்தின் நடுவில் எங்கள் புதுப்பிப்பு வந்து விழுந்தது. வங்கி அனுப்பிய கடிதத்தில் 5.64 சதவீதம் என்று இருந்தது. கையெழுத்துப் போட்டு அனுப்பினால் போதும், எந்தக் கரைச்சலும் இல்லை என்ற தொனி. அவர் பேனையை எடுத்துவிட்டார். நான்தான் ஒரு கிழமை பொறுக்கச் சொன்னேன். வேறு இரண்டு இடங்களில் விசாரித்து, அங்கே சொன்ன வீதத்தைச் சொன்னதும் அதே வங்கி 5 சதவீதத்துக்கு இறங்கி வந்தது. மாதத்துக்கு 139 டாலர் வித்தியாசம், ஐந்து ஆண்டுக்கு எட்டாயிரத்துக்கு மேல். மூன்று தொலைபேசி அழைப்புக்கு இவ்வளவு சம்பளம் எனக்கு வேறெங்கும் கிடைத்ததில்லை.

இறங்கியும் மாதக் கட்டணம் 2,265இலிருந்து 2,620 ஆனது. அதில் வட்டி 1,644. தொடக்கத்தில் சொன்ன 381 டாலர் இதுதான். 2018இல் கடன் கேட்டபோது, நாங்கள் கட்டப்போகும் 3.29க்குப் பதிலாக ஐந்துக்கு மேற்பட்ட ஒரு வட்டியை வைத்துக் கணக்குப் பார்த்து, அதையும் எங்களால் கட்ட முடியுமா என்று சோதித்தார்கள். அதனால்தான் பெரிய வீடு கிடைக்கவில்லை என்று அன்று அந்தச் சோதனையைத் திட்டாத நாளில்லை. இப்போது திட்டுவதில்லை.

என் மச்சானின் கதை இன்னும் மோசம். 2021இல் ஏஜாக்ஸில் வீடு வாங்கினார். மாறும் வட்டி, அன்றைக்கு ஒன்றரை சதவீதத்துக்கும் குறைவு. வட்டி மாறினாலும் மாதக் கட்டணம் மாறாது என்று சொல்லிக் கொடுத்த கடன். அவர் அதை நல்ல செய்தியாக எடுத்துக்கொண்டார். வட்டி ஏற ஏற, அதே கட்டணத்துக்குள் வட்டியின் பங்கு ஏறி, முதலின் பங்கு தேய்ந்து, ஒரு கட்டத்தில் கட்டிய காசு வட்டிக்கே போதாமல் போய் மிச்சம் கடனில் ஏறியது. கடன் முடிய எத்தனை ஆண்டு என்று பார்த்தபோது எழுபதுக்கு மேல் காட்டியது. அவருக்கு அப்போது 44 வயது. பிறகு மாதக் கட்டணத்தைக் கூட்டி ஒருவாறு சரிக்கட்டினார். அதற்காக இரவில் டிரைவிங் வேலையும் பார்த்தார்.

இனி எங்கள் மொத்தக் கணக்கு. 5 சதவீதமே கடைசிவரை இருக்கும், மாதம் 2,620 மட்டுமே கட்டுவோம் என்று வைத்துக்கொண்டால், 2043இல் கடன் முடியும்போது வங்கிக்கு 764,800 டாலர் கொடுத்திருப்போம். முன்பணத்தையும் வாங்கும்போது ஆன செலவையும் சேர்த்தால், 500,000 டாலர் வீடு 822,000 டாலருக்கு மேல். பராமரிப்புக் கட்டணம் இதில் இல்லை. 318இல் தொடங்கியது இப்போது 467. வீட்டு வரியும் இல்லை. ரொறன்ரோ நகரம் அதை 2024இல் மட்டும் 9.5 சதவீதம் ஏற்றியது. குளிர்காலத்தில் ஃபர்னஸ் செத்த கதையை விடுகிறேன்.

ஒரு நியாயமும் சொல்ல வேண்டும். 2043இல் கட்டும் 2,620 டாலருக்கு இன்றைய 2,620இன் பெறுமதி இருக்காது. அப்பாவின் ஒற்றியை 2003இல், சமாதான காலத்தில், சித்தப்பா அனுப்பிய காசில் மீட்டோம். 1986இல் பெரிய தொகையாக இருந்தது அப்போது சித்தப்பாவின் ஒரு மாதச் சம்பளத்துக்குள் அடங்கிவிட்டது. ஆனால் இடையில் எத்தனை வண்டித் தேங்காய் போனாலும் ஒற்றியின் முதலில் ஒரு ரூபாய்கூடக் குறையவில்லை. அந்த வகையில் ரொறன்ரோ வங்கி பளைக்காரரைவிடப் பரவாயில்லை. இங்கே முதல் கரைகிறது, மெதுவாக. முன்னதாகக் கட்டி அதை விரைவாகக் கரைக்கவும் விடுகிறார்கள்.

அதைப் புதுப்பிக்கும்போதுதான் கண்டுபிடித்தோம். மாதக் கட்டணத்தில் பாதியை, 1,310 டாலரை, இரண்டு கிழமைக்கு ஒரு தரம் கட்டினால் ஆண்டுக்கு 26 பாதி, அதாவது 13 மாதக் கட்டணம். கை அவ்வளவாக நோகாது. எங்கள் இருவருக்கும் சம்பளம் இரண்டு கிழமைக்கு ஒரு தரம்தான். மிச்சமிருந்த 20 ஆண்டு அதனால் பதினேழரைக்குக் குறையும், வட்டியில் முப்பதாயிரத்துக்கு மேல் மிஞ்சும். இதில் ஒரு பொறி உண்டு. வெறுமனே "இரண்டு கிழமைக்கு ஒரு தரம்" என்று கேட்டால், ஆண்டுக் கட்டணத்தை 26ஆல் பிரித்து 1,209 என்று போட்டுத் தருவார்கள். அதில் பெரிதாக எதுவும் மிஞ்சாது. "அக்சிலரேட்டட்" (விரைவுபடுத்திய) என்ற சொல்லைச் சொல்லிக் கேட்க வேண்டும். எங்களுக்கும் முதலில் 1,209தான் போட்டிருந்தார்கள்.

ஆண்டுக்கு ஒரு தரம் கடனின் முதலுக்கு மொத்தத் தொகையாகவும் கட்டலாம், எங்கள் ஒப்பந்தத்தில் 15 சதவீதம்வரை. புதுப்பிக்கும் நாளிலேயே பத்தாயிரம் டாலர் போட்டிருந்தால், கடைசிப் பத்து மாதக் கட்டணம் அப்படியே இல்லாமல் போயிருக்கும். அது 26,000 டாலர். இதை நான் ஒரு தாளில் எழுதிக் குளிர்சாதனப் பெட்டியில் ஒட்டியிருக்கிறேன்.

போன மாதம் என் சீட்டு விழுந்தது. கழிவு போக 9,400 டாலர். அவருக்குக் குசினியை உடைத்துக் கட்ட ஆசை, பத்து ஆண்டுப் பழைய அலுமாரிக் கதவுகள் தொங்குகின்றன, அதுவும் உண்மை. அம்மா யாழ்ப்பாணத்திலிருந்து, பிள்ளைக்கு ஒரு சங்கிலி செய் என்கிறார். இரண்டு நாள் சண்டைக்குப் பிறகு 6,000 வங்கிக்கு, 3,400 கதவுகளுக்கு என்று முடிவானது. அம்மாவிடம் இன்னும் சொல்லவில்லை.